ஊர் வாயை முகத்தில் பூசாதே

அன்புள்ள மகளுக்கு,

நீ அனுப்பிய, முகத்தை வெளுப்பாக்குகிற கிறீம் டப்பாவின் படத்தைப் பார்த்தேன். அதைத் திறக்க வேண்டாம். உன் நிறத்தைப் பற்றிப் பெரியம்மா சொன்னதும், உடம்பைப் பற்றிக் குடும்ப வாட்ஸ்அப்பில் மாமி எழுதியதும் உன்னை எவ்வளவு சுட்டிருக்கும் என்று தெரியும், அதற்குப் பிறகு வருகிறேன். முதலில் டப்பா. ஏனென்றால் அவர்கள் கதைத்ததை அவர்களே நாளைக்கு மறந்துவிடுவார்கள். தோல் கெட்டால் ஆவணியில் வருகிற உன் கலியாணத்துக்குள் தேறாது.

அந்த டப்பாவில் என்ன கலந்திருக்கிறது என்ற பட்டியல் இல்லை, செய்தவரின் விலாசமும் இல்லை. "தங்க நகை படாமல் பூசவும்" என்று மட்டும் போட்டிருக்கிறது. நகைக்குப் பயப்படுகிற கிறீம் என்றால் பாதரசத்தைச் சந்தேகி. பாதரசம் தங்கத்தில் பட்டால் ஒட்டிக்கொண்டு அதை வெளுக்கப் பண்ணும். தோல் வழியே உள்ளே போனால் சிறுநீரகத்தையும் நரம்பையும் கெடுக்கும். பூசுகிறவளின் துவாய், தலையணை மூலம் வீட்டிலுள்ள மற்றவர்களுக்கும் தொற்றும், வயிற்றில் பிள்ளை தரித்தால் அதையும் பாதிக்கும். பாதரசத்தைக் கட்டுப்படுத்த நாடுகள் சேர்ந்து செய்த மினமாட்டா உடன்படிக்கை, பாதரசம் கலந்த அழகுசாதனப் பொருட்களை 2020க்குள் நிறுத்தச் சொன்னது. அப்போது ஒரு கிலோவுக்கு 1 மில்லிகிராம் வரை விட்டுவைத்திருந்த விலக்கையும் 2023இல் எடுத்துவிட்டார்கள். ஆனாலும் பெட்டிக்கடை வரைக்கும் விற்பனை நடக்கத்தான் செய்கிறது. பட்டியல் உள்ள டப்பா என்றால் பாதரசத்தைக் குறிக்கிற கலோமல், மெர்க்கூரிக், மெர்க்கூரஸ் என்ற சொற்கள் இருக்கின்றனவா என்று பார்.

பாதரசம் இல்லாவிட்டால் ஸ்டீராய்டாக இருக்கலாம். பீட்டாமெதசோன், குளோபெட்டசோல் என்பவை தோல் வருத்தங்களுக்கு டொக்டர் எழுதித் தருகிற நல்ல மருந்துகள். வெளுப்பதற்கென்று முகத்தில் தேய்த்தால் முதல் சில வாரம் பளபளக்கும், எல்லோரும் மெச்சுவார்கள். பிறகு தோல் மெலிந்து சிறு இரத்தக்குழாய்கள் சிவப்பாகத் தெரியும், பரு போடும், கன்னத்தில் முடி வளரும். நிறுத்தினாலோ எரிந்து சிவந்து முன்னையைவிட மோசமாகும். அந்தச் சிவப்பு கலியாண வாரத்தில் வந்தால் எந்த அலங்காரக்காரியாலும் மூட முடியாது. ஏற்கெனவே ஏதாவது பூசத் தொடங்கியிருந்தால் ஒளிக்காமல் சொல்லு. அதை எப்படி நிறுத்துவதென்று தோல் டொக்டர் சொல்லட்டும்.

"இயற்கை" என்று சொல்வதையும் நம்பிவிடாதே. தேசிக்காய்ப் புளியை முகத்தில் தேய்த்துவிட்டு வெயிலுக்குள் இறங்கினால் தோல் வெந்து கொப்பளித்து, கறுத்த தழும்பு மாதக்கணக்கில் நிற்கும். கையில் போடுகிற கறுப்பு மெஹெந்தியும் அப்படித்தான். அதில் தலைமுடிச் சாயத்தின் இரசாயனத்தைக் கலப்பார்கள், ஒத்துக்கொள்ளாதவர்களுக்குக் கொப்பளம் வரும். சிவக்கிற மருதோண்டியே போதும்.

நீ செய்ய வேண்டியது கொஞ்சம்தான். இப்போது இங்கே கச்சான் என்கிற வறண்ட காற்று, உதடும் கன்னமும் உலர்ந்து வெடிக்கிற காலம். உப்புவெளிக் கடற்கரைப் பக்கம் போனால் மணலிலும் தண்ணீரிலும் பட்ட வெயில் திரும்ப முகத்தில் அடிக்கும், குடை மட்டும் காணாது. எஸ்பிஎஃப் 30க்குக் குறையாத சன்ஸ்கிறீம் வாங்கு. சுட்டுவிரலிலும் நடுவிரலிலும் நீளத்துக்குப் பிதுக்கினால் முகத்துக்கும் கழுத்துக்கும் சரியான அளவு. வெளியில் நின்றால் இரண்டு மணித்தியாலத்துக்கு ஒருமுறை திரும்பப் பூசு. இது உன்னை வெள்ளையாக்க அல்ல, முகமும் கழுத்தும் ஒரே நிறமாக இருக்க. பருவுக்கு பென்சோயில் பெராக்சைடு 2.5 வீதம் போடலாம், பலன் தெரிய ஆறு எட்டுக் கிழமை எடுக்கும், ஆகவே இன்றைக்கே தொடங்கு. அது துணியை வெளுக்கும், பழைய தலையணை உறையைப் போடு. பருவுக்கு ஐசோட்ரெட்டினோயின் குளிசை யாராவது தந்தால் விழுங்காதே. கருவில் உள்ள பிள்ளைக்குக் கடும் கேடு, நிறுத்தி ஒரு மாதம் ஆகும்வரை கருத்தரிக்கவும் கூடாது. புதுப் பேசியல் எதையும் கடைசி இரண்டு கிழமையில் செய்யாதே. திரெடிங் மூன்று நாலு நாளுக்கு முந்தி.

உடம்பைப் பற்றி மாமி எழுதியதற்காக இரவுச் சாப்பாட்டை விட்டிருக்கிறாய் என்று உன் அறைத்தோழி சொன்னாள். பட்டினி கிடந்து வேகமாக மெலிந்தால் முடி உடனே கொட்டாது. இரண்டு மூன்று மாதம் கழித்துக் கொத்துக் கொத்தாகக் கொட்டும், அதாவது புதுக் குடித்தனத்தில். கூறைச் சட்டையை இன்றைய உடம்புக்குத் தைப்போம், மெலிந்த பிறகு போடலாமென்ற கனவுக்கு அல்ல. இரண்டு பக்கமும் ஒவ்வொரு அங்குலம் உள்தையல் விடச் சொல்லியிருக்கிறேன். பெரிய சட்டையைப் பிடிக்கப் பத்து நிமிசம் காணும். வெட்டி எறிந்த துணியை யாரும் திரும்ப ஒட்ட முடியாது.

இனி கதைக்கு வருவோம். எல்லாக் கதையும் ஒன்றல்ல, மகள். "மெலிஞ்சிட்டாய், கறுத்திட்டாய்" என்பது எங்கட ஊரில் பாதி நேரம் சுகம் விசாரிப்புத்தான். "ஓம் மாமி, நீங்க சுகமே?" என்று கேட்டால் அவ தன் முழங்கால் வருத்தத்துக்குப் போய்விடுவா. கிறீம், கடலை மா, பட்டினி என்று வைத்தியம் சொல்ல வருகிறவர்களுக்கு, "தோல் டொக்டர் ஒண்டும் பூச வேண்டாமெண்டவர்" என்று சொல்லு. டொக்டர் பெயரை எடுத்தால் அதற்கு மேல் வாதமில்லை. அதற்காகவாவது ஒருமுறை டொக்டரிடம் போய் வா, பொய்யாக வேண்டாம்.

மூன்றாவது வகைதான் பெரியம்மா சொன்னது: மாப்பிள்ளையின் நிறத்தோடு வைத்துப் பார்ப்பது. (பத்திரகாளி அம்மனைக் கையெடுத்துக் கும்பிட்டு வந்த வாயால்தான் சொன்னா.) இதற்கு ஒரே ஒரு வசனம் வைத்துக்கொள்: "பெரியம்மா, என்ர நிறத்தைப் பற்றிக் கதைக்க வேண்டாம்." குரலை உயர்த்தாதே, சிரித்து மழுப்பாதே, ஏன் என்று விளக்காதே. விளக்கம் கொடுத்தால் அதிலிருந்து அடுத்த கேள்வி பிறக்கும். திரும்பச் சொன்னால் அதே வசனத்தை அப்படியே திரும்பச் சொல்லி எழும்பிப் போ. வாட்ஸ்அப்பில் பதில் எழுதவே வேண்டாம், அங்கே நாற்பது பேர் பார்த்துக்கொண்டிருப்பார்கள். அப்பா மாமியை நேரில் கண்டு சொல்வார், பெரியம்மாவுக்கு நான். மூத்தவர்களுக்கு மூத்தவர்கள் சொன்னால்தான் ஏறும்.

மாப்பிள்ளை வீட்டிலிருந்து வந்தால் நீயும் நானும் வாய் திறக்கத் தேவையில்லை, தன் தாயிடம் அவர்தான் சொல்ல வேண்டும். அவரிடம் இப்போதே கேட்டு வை. "அம்மா அப்பிடித்தான், விடுங்க" என்று அவர் சொன்னால் அதையும் ஒரு பதிலாகக் குறித்துக்கொள். உன் நிறத்தை மாற்றச் சொல்லி அவரே கேட்டால் உடனே எங்களுக்குச் சொல்லு. அழைப்பிதழ் அடித்தாயிற்று என்பது எனக்கும் அப்பாவுக்கும் ஒரு காரணமே அல்ல.

இங்கே வந்த பிறகு ஆபத்தான நேரம் இரண்டு. ஒன்று, முழுகுவதற்கு முன் உன் தலையில் பாலும் அறுகம்புல்லும் வைக்கிற பால் அறுகுச் சடங்கின்போது. எண்ணெய்த் தலையும் வெறும் முகமுமாக நீ இருக்க, ஒவ்வொருவராகக் கிட்ட வந்து முகத்தைப் பார்ப்பார்கள். சின்ன மாமி உனக்குப் பக்கத்தில் நிற்பா, கதை தொடங்கினால் அடுத்த ஆளைக் கூப்பிடுவது அவவின் பொறுப்பு. மற்றது உடுத்துகிற அறை. அதற்குள் அலங்காரக்காரி, தோழி, நான், வேறு யாருமில்லை. கதவுக்குத் தம்பி.

அலங்காரக்காரியிடம் ஒத்திகை கட்டாயம். பவுண்டேசனைக் கையில் அல்ல, தாடை ஓரத்தில் பூசிப் பகல் வெளிச்சத்தில் பார்க்க வேண்டும். இருபது நிமிசம் விடு, சிலது காற்றுப் பட்டு நிறம் மாறும். கழுத்தோடு கரைந்துபோகிற நிறம்தான் உன் நிறம். இரண்டு படி வெளுப்பாகப் போட்டால் பிளாஷ் அடிக்கையில் முகம் மட்டும் சாம்பலாகத் தெரியும், கை வேறு ஆளுடையது போலிருக்கும். படப்பிடிப்பாளருக்கு, "தோல் நிறத்தை வெளுப்பாக்க வேண்டாம்" என்று முற்பணம் கொடுக்கும்போதே எழுத்தில் கொடுப்போம். அல்பம் அச்சுக்குப் போனபின் சொல்லிப் பயனில்லை.

சாப்பாடு இறங்காமல், நித்திரை வராமல், கண்ணாடியைப் பார்த்து அழுகிறது இரண்டு கிழமைக்கு மேல் போனால் அதைக் கலியாணப் பதற்றம் என்று தள்ளிவிடாதே. எனக்குச் சொல்லு. நடுச்சாமத்தில் எனக்குச் சொல்லவும் மனம் வராவிட்டால் இலங்கைத் தேசிய மனநல நிறுவகத்தின் 1926 இலக்கத்துக்கு எடு.

தையல்காரி வெள்ளிக்கிழமைக்குள் அளவு கேட்கிறா. நெஞ்சு, இடுப்பு, தோள், கைச்சுற்று நான்கையும் உன் தோழியைக் கொண்டு எடுப்பித்து அனுப்பு, மூச்சை இழுத்துப் பிடிக்காமல். டப்பாவைக் குப்பைக்குள் போடாதே, ஒரு பையில் கட்டிக் கொண்டு வா, பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடம் கொடுப்போம்.

அன்புடன்,
அம்மா