பெயருக்குக் கீழே ஓடும் அந்த வரி: பெங்களூரு தமிழ் கேமிங் சர்வர் அட்மின்களுக்கு ஒரு திறந்த மடல்

பெங்களூரில் தமிழ் கேமிங் சர்வர் நடத்தும் அட்மின்களுக்கும் மாடரேட்டர்களுக்கும்,

வணக்கம்.

கேம் ஆடுகிறவர்கள் 'சர்வர்' என்ற குழுக்களில் கூடிப் பேசும் டிஸ்கார்டு ஆப்பில், உறுப்பினர் பெயருக்குக் கீழே 'வேலரன்ட் ஆடுகிறார்' என்று, ஓடும் கேமின் பெயரோடு ஒரு வரி ஓடுகிறதே, அதைப் பற்றித்தான் இந்த மடல். அதை யார் பார்க்கலாம் என்று முடிவு செய்ய வேண்டியவர் ஆடுகிறவர். ஆனால் அதற்கான சுவிட்சுகளில் பாதிதான் அவரிடம் இருக்கின்றன. மீதி உங்களிடம் இருக்கின்றன, அப்படி ஒன்று இருப்பதே அவருக்குத் தெரியாது. அந்த மீதியைத்தான் சரிசெய்யச் சொல்கிறோம்.

இந்த ஊர் சர்வர்களுக்கு இது கூடுதலாகப் பொருந்தும். கல்லூரி சர்வர் என்றால் எல்லோரும் ஒரே வயது, ஒரே வகுப்பு. இங்கே ஆட்களைச் சேர்த்துவைப்பது தமிழ் மட்டும்தான். எலக்ட்ரானிக் சிட்டியில் வேலை பார்க்கும் ஒருவர், அவருடைய டீம் லீட், மாரத்தஹள்ளி பீஜி விடுதியில் அவருடன் தங்கியிருப்பவர், பி.யு.சி. படிக்கும் பையன், ஓசூரிலிருந்து தினமும் வந்துபோகிறவர் எல்லோரும் ஒரே உறுப்பினர் பட்டியலில் இருக்கிறார்கள். நண்பனுக்குத் தெரிந்தால் பரவாயில்லை என்று விட்ட வரி லீடுக்கும் தெரிகிறது.

முதலில் அந்த வரி எங்கிருந்து வருகிறது என்று பார்ப்போம். டெஸ்க்டாப் ஆப், கம்ப்யூட்டரில் என்னென்ன புரோகிராம் ஓடுகிறது என்று பார்த்து, தன்னிடமுள்ள கேம் பட்டியலோடு ஒப்பிடும். பொருந்தினால் பெயரையும், தொடங்கி எவ்வளவு நேரம் ஆகிறது என்பதையும் போட்டுவிடும். யார் ஆடுகிறார், உண்மையிலேயே ஆடுகிறாரா என்பதெல்லாம் அதற்குத் தெரியாது. கேமை மினிமைஸ் செய்துவிட்டுச் சாப்பிடப் போனாலும் கடிகாரம் ஓடும். கேம் தொங்கிப்போய் பின்னணியில் அதன் புரோகிராம் மட்டும் சாகாமல் கிடந்தாலும் ஓடும். அண்ணன் கம்ப்யூட்டரில் தம்பி ஆடினால் அண்ணன் பெயரில் வரும். ஆகவே 'காலை 11 மணிக்கு மூணு மணி நேரமா ஆடிட்டிருக்கான்' என்று அந்த வரியை வைத்து யாரையும் எடைபோட முடியாது. சாட்சியாக வைத்துக்கொள்ள அது லாயக்கில்லை.

இரண்டாவது வழி, கேமே டிஸ்கார்டுக்கு நேரடியாகத் தகவல் அனுப்புவது. எந்த மேப், எத்தனை பேர் கூட்டணி, ஸ்கோர் என்ன என்பதெல்லாம் இந்த வழியில் வருகிறவை. நம் ஊருக்கே உரிய ஒரு சிக்கலும் இதில் இருக்கிறது. புரோகிராம் எழுதப் பயன்படும் வி.எஸ். கோடு ஆப்புக்கு இதே வேலையைச் செய்யும் எக்ஸ்டென்ஷன்கள் உண்டு. போட்டுவிட்டால், திறந்திருக்கும் ஃபைலின் பெயரும் புராஜெக்ட் ஃபோல்டரின் பெயரும் வரியில் வந்து நிற்கும். ஃபோல்டருக்குக் கிளையன்ட் பெயரை வைத்திருந்தால், கையெழுத்துப் போட்டுக்கொடுத்த ரகசிய ஒப்பந்தம் அங்கேயே காற்றில் போகிறது.

மூன்றாவது, கனெக்‌ஷன்ஸ். எக்ஸ்பாக்ஸ், ஸ்பாட்டிஃபை போன்றவற்றைக் கணக்கோடு இணைத்திருந்தால், கம்ப்யூட்டரைத் தொடாமலே வரி வரும். கம்ப்யூட்டர் ஆஃப், டிஸ்கார்டும் மூடியாயிற்று, ஆனாலும் ஹாலில் எக்ஸ்பாக்ஸ் ஓடுவது தெரிகிறதே என்று உறுப்பினர்கள் குழம்புவதற்குக் காரணம் இதுதான்.

இனி உங்கள் கையிலிருப்பவை.

பாட் (சர்வரில் தானாக வேலை செய்யும் புரோகிராம்) விஷயம்தான் பெரியது. டிஸ்கார்டில் ஒரு பாட், உறுப்பினர்களின் ஆன்லைன் நிலையையும் ஆட்டத்தையும் பார்க்க 'பிரசன்ஸ் இன்டென்ட்' என்ற தனி அனுமதி வேண்டும். நூறு சர்வருக்கு மேல் பரவிய பாட்டுக்கு டிஸ்கார்டு ஆராய்ந்து கொடுக்க வேண்டிய அனுமதி அது. சின்ன பாட்டுக்கு அந்தக் கெடுபிடி கிடையாது, டெவலப்பர் போர்ட்டலில் ஒரு சுவிட்ச்சைத் தள்ளினால் போதும். நம் சர்வர்களில் இருப்பவை பெரும்பாலும் யாரோ ஒரு உறுப்பினர் வார இறுதியில் எழுதிய சின்ன பாட்டுகள்தான்.

அனுமதி கிடைத்த பாட்டுக்கு ஒவ்வொரு மாற்றமும் வந்து சேரும்: யார், எந்த ஆட்டம், எப்போது தொடங்கியது, டெஸ்க்டாப்பிலா போனிலா பிரவுசரிலா. டிஸ்கார்டு அந்த வரியைத் திரையிலிருந்து அழித்துவிடும். பாட் எழுதிவைத்தது அழியாது. 'ஒரு கேம்தானே, இதில் என்ன ரகசியம்' என்பவர்களுக்காக, அப்படி ஒரு பதிவு எப்படி இருக்கும் என்று கற்பனையாக எழுதிக் காட்டுகிறோம்:

திங்கள் 23:48 தொடக்கம், செவ்வாய் 02:31 முடிவு. செவ்வாய் 09:05 போனில் ஆன்லைன். புதன் 11:20 தொடக்கம், 13:10 முடிவு. வெள்ளி 20:40 முதல் ஞாயிறு 22:15 வரை போன் மட்டும்.

நாலே வரி. இவர் எத்தனை மணிக்குத் தூங்குகிறார், எந்த நாள் வீட்டிலிருந்து வேலை என்றெல்லாம் ஒருவர் ஊகித்துவிடலாம். வெள்ளி இரவு சில்க் போர்டில் பஸ் பிடித்து ஊருக்குப் போயிருக்கிறார், ஞாயிறு வரை ரூம் காலி என்பதுகூட அதில் இருக்கிறது.

பல இடங்களில் இது கெட்ட எண்ணத்தால் நடப்பதில்லை, காப்பியடிப்பதால் நடக்கிறது. பைத்தானில் டிஸ்கார்டு பாட் எழுதச் சொல்லித்தரும் பாடங்கள் பலவற்றில், தொல்லை வேண்டாம் என்று 'இன்டென்ட்ஸ் ஆல்' என்று போட்டுவிடுவார்கள். எல்லா அனுமதியும் கொடு என்று அர்த்தம். பாட்டுக் கேட்க வைத்த பாட் கூட ஆட்களின் நடமாட்டத்தை வாங்கிக்கொண்டிருக்கும். 'இன்டென்ட்ஸ் டீஃபால்ட்' என்று மாற்றி, வேண்டியதை மட்டும் தனியாகச் சேர்க்கச் சொல்லுங்கள். டீஃபால்டில் பிரசன்ஸ் வராது.

வரிசை முக்கியம். முதலில் பாட்டின் புரோகிராமில் அதை மாற்றி மறுபடி ஓட்டிய பிறகுதான் போர்ட்டலில் சுவிட்ச்சை அணைக்க வேண்டும். தலைகீழாகச் செய்தால் பாட் அடுத்த முறை இணையும்போது 4014 என்ற பிழை எண்ணோடு வெளியே தள்ளப்படும். அதைப் பார்த்துப் பயந்து மறுபடி சுவிட்ச்சைப் போட்டுவிடாதீர்கள். மாற்றிய பிறகு பாட் கண்ணுக்கு எல்லா உறுப்பினரும் ஆஃப்லைனாகத் தெரிவார்கள், அது கோளாறு இல்லை. 'இப்போது ஆன்லைனில் 84 பேர்' என்று சேனல் பெயரில் காட்டுகிறவர்களுக்கு ஆள் ஆளாக எண்ண வேண்டிய அவசியமே இல்லை. சர்வர் விவரத்தைக் கேட்கும்போது எண்ணிக்கையும் சேர்த்துத் தா என்று கேட்டால் தோராயமான ஆன்லைன் எண்ணை டிஸ்கார்டே தருகிறது, அதில் யாருடைய பெயரும் கிடையாது.

வெளியார் பாட் என்றால் அதன் டாஷ்போர்டைத் திறந்து, ஆக்டிவிட்டி லாக், பிரசன்ஸ் லாக், ஆடினால் ரோல் என்ற மாதிரி எதுவும் ஓடுகிறதா என்று பாருங்கள். எதற்கு இருக்கிறது என்று உங்களாலேயே சொல்ல முடியாத பாட்டை எடுத்துவிடுங்கள்.

அந்த 'ஆடினால் ரோல்' சமாச்சாரத்துக்குக் கொஞ்சம் தனியாக இடம் தர வேண்டும். கேம் திறந்ததும் பாட் உறுப்பினருக்கு ஒரு ரோல் (பெயரோடு ஒட்டும் குழு அடையாளம்) தரும், மூடினதும் பிடுங்கிக்கொள்ளும். பட்டியலில் அழகாகப் பிரிந்து நிற்பதால் அட்மின்களுக்கு இது பிடிக்கும். ஆனால் ரோல் தருவதும் எடுப்பதும் ஒவ்வொரு முறையும் சர்வரில் நடக்கும் மாற்றங்களைக் குறித்துவைக்கும் ஆடிட் லாகில் நேரத்தோடு பதிவாகிறது. ஆடிட் லாக் 45 நாள் நிற்கும். பாட் எதையும் சேமிக்காவிட்டாலும், லாக் பார்க்கும் அனுமதி உள்ள ஒவ்வொரு மாடரேட்டரிடமும் ஒன்றரை மாதக் கணக்கு கையில் இருக்கிறது என்று பொருள். அந்த மாடரேட்டர் யாருடைய டீம் லீட் என்று உங்களுக்குத் தெரியுமா? ரோலை எடுத்துவிடுங்கள். ஆடிட் லாக் அனுமதியையும் இரண்டு மூன்று பேரோடு நிறுத்துங்கள்.

அடுத்தது விட்ஜெட், அதாவது சர்வரில் யார் ஆன்லைன் என்று வெளி வெப்சைட்டில் காட்டும் பெட்டி. சர்வர் செட்டிங்ஸில் இது ஆனாகி இருந்தால், சர்வர் எண்ணைத் தெரிந்த எவரும் லாகின் இல்லாமல், உறுப்பினராகவும் இல்லாமல், ஆன்லைனில் இருப்பவர்களில் நூறு பேர் வரை பெயரோடு படிக்கலாம். ஆடும் கேமின் பெயரும் கூடவே வரும். வெப்சைட்டில் பெட்டி வைக்கலாம் என்று என்றோ ஆன் செய்து, வெப்சைட்டே இல்லாமல் போன பிறகும் விட்ஜெட் மட்டும் திறந்து கிடக்கும் சர்வர்கள் உண்டு. ஒரே ஒரு சுவிட்ச். இன்றே அணையுங்கள்.

'அப்படியெல்லாம் அணைத்தால் ஆட ஆள் எப்படிப் பிடிப்பது?' நியாயமான கேள்வி. ஆள் பிடிக்க அந்த வரி தேவையில்லை, 'ஆள் வேணும்' என்று ஒரு சேனல் போதும். உறுப்பினரே கேட்டு வாங்கும் ரோல் ஒன்று கேமுக்கு ஒன்றாக வையுங்கள். ஆட விருப்பம் உள்ளவர் அதைக் குறிப்பிட்டு அழைப்பார், வர நினைப்பவர் வருவார். புதிதாகச் சேர்கிறவரிடம் விருப்பம் கேட்கும் டிஸ்கார்டின் ஆன்போர்டிங் வசதியில் இதைச் சேர்க்கலாம். அதற்குக் குறைந்தது ஏழு பொதுச் சேனல்கள் வேண்டும், அவற்றில் ஐந்தில் எல்லோரும் எழுத முடிய வேண்டும். சின்ன சர்வருக்கு அது அகலக்கால். எமோஜி அழுத்தினால் ரோல் தரும் பாட் ஒன்று போதும், அதற்குப் பிரசன்ஸ் அனுமதி வேண்டாம்.

உறுப்பினர்கள் தங்கள் பக்கம் செய்ய வேண்டியதை நீங்கள்தான் சொல்லித்தர வேண்டும், ஏனென்றால் அந்தச் சுவிட்சுகள் ஒரே இடத்தில் இல்லை. கீழே உள்ளதை அப்படியே எடுத்து விதிகள் சேனலில் பின் செய்துகொள்ளலாம். அப்டேட்டுக்கு அப்டேட் மெனு பெயர்கள் கொஞ்சம் இடம் மாறும். காணவில்லை என்றால் செட்டிங்ஸுக்குள் இருக்கும் தேடல் பெட்டியில் 'ஆக்டிவிட்டி' என்பதை ஆங்கிலத்தில் அடித்தால் வந்துவிடும்.

"நீங்கள் ஆடுவது யாருக்கும் தெரிய வேண்டாம் என்றால்: யூசர் செட்டிங்ஸில் ஆக்டிவிட்டி பிரைவசிக்குப் போய், ஆட்டத்தைப் பகிரும் சுவிட்ச்சை அணையுங்கள். நண்பருடன் ஆடுகிறவர்கள் அதே பக்கத்தில், கேட்காமலே உங்கள் ஆட்டத்தில் நுழைய விடும் சுவிட்சுகளையும் பாருங்கள்.

இந்தச் சர்வருக்கு மட்டும் தெரிய வேண்டாம் என்றால்: சர்வர் பெயரைத் தட்டி, பிரைவசி செட்டிங்ஸில் ஆக்டிவிட்டி பகிர்வை அணையுங்கள். நட்புப் பட்டியலில் இருப்பவர்களுக்குப் போவது வேறு பாதை, இது அதை மறைக்காது. டீம் லீடை ஃப்ரெண்டாகச் சேர்த்திருந்தால் முதல் வழிதான்.

ஒரே ஒரு கேமை மட்டும் மறைக்க: ரெஜிஸ்டர்டு கேம்ஸ் பட்டியலில் அந்தக் கேமின் வரியில் கண்டறிதலை நிறுத்துங்கள். கேம் வாங்கும் ஸ்டீம் ஆப்பில் 'பிரைவேட்' என்று குறித்துவிட்டேனே என்று இருந்துவிடாதீர்கள். ஸ்டீமில் மறைத்தது ஸ்டீமில் மட்டும்தான் மறையும். டிஸ்கார்டு ஸ்டீமைக் கேட்பதில்லை, ஓடும் புரோகிராமைப் பார்க்கிறது. இதன் மறுபக்கமும் உண்மை: டிஸ்கார்டில் அணைத்தவர்கள் ஸ்டீம் புரொஃபைலின் பிரைவசி செட்டிங்ஸில் 'கேம் டீடெயில்ஸ்' என்பதைத் தனியாகப் பார்க்க வேண்டும்.

கனெக்‌ஷன்ஸ்: எக்ஸ்பாக்ஸ், ஸ்பாட்டிஃபை ஒவ்வொன்றிலும், புரொஃபைலில் காட்டுவது, ஸ்டேட்டஸில் காட்டுவது என்று தனித்தனிச் சுவிட்ச். இரண்டையும் பாருங்கள்.

இன்விசிபிள் போட்டால் ஆட்டமும் மறையும். ஆனால் வாய்ஸ் சேனலில் ஏறினால் பெயர் அங்கே தெரியும், டைப் செய்தால் 'டைப் செய்கிறார்' என்பதும் தெரியும்.

ஆபீஸ் லேப்டாப்பில் ஆப் வேண்டாம், பிரவுசரில் திறந்துகொள்ளுங்கள். பிரவுசரால் கம்ப்யூட்டரில் ஓடும் புரோகிராம்களைப் பார்க்க முடியாது."

சட்டத்தைப் பற்றி நீட்டி முழக்க விரும்பவில்லை. தனியுரிமை அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் 2017 ஆகஸ்ட் 24 அன்று சொன்ன தீர்ப்பு, கர்நாடக உயர் நீதிமன்றத்தின் ஓய்வுபெற்ற நீதிபதி கே.எஸ். புட்டசாமி தொடுத்த வழக்கில் வந்தது. அதன் பிறகு வந்த 2023ஆம் ஆண்டின் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், தனிப்பட்ட, வீட்டுப் பயன்பாட்டுக்கு விலக்கு தருகிறது. பத்து நண்பர்கள் சேர்ந்து ஆடும் சர்வர் அதில் அடங்கலாம். கட்டணம் வாங்கி டோர்னமென்ட் நடத்துகிறவர்களும் ஸ்பான்சர் வைத்திருப்பவர்களும் அந்த விலக்கை நம்பி உட்கார முடியாது. பதினெட்டு வயது நிறையாதவர் அந்தச் சட்டத்தின் கண்ணில் குழந்தை. குழந்தையின் நடத்தையைக் கண்காணிப்பதை அது தடுக்கிறது. உங்கள் சர்வரில் பி.யு.சி. மாணவர்கள் இருக்கிறார்கள் என்பதை நினைவில் வையுங்கள்.

ஏற்கெனவே பதிவு சேர்த்திருப்பவர்களிடம் கேட்பது: அந்த ஃபைலை அழியுங்கள், பேக்கப்பையும் சேர்த்து. கூகுள் ஷீட்டில் எழுதும்படி பாட்டை அமைத்திருந்தால், ஷீட்டின் பழைய வெர்ஷன்களிலும் எல்லாம் அப்படியே இருக்கும். வரிகளை மட்டும் நீக்கிப் பயனில்லை, ஷீட்டையே நீக்கிக் குப்பைத் தொட்டியையும் காலி செய்ய வேண்டும். செய்த பிறகு அறிவிப்புச் சேனலில் இரண்டு வரி போடுங்கள்: என்ன சேர்த்திருந்தீர்கள், எந்தத் தேதியில் அழித்தீர்கள் என்று.

இப்படிக்கு,
பெங்களூரில் இருக்கும் சில பாட் எழுதுகிறவர்களும் மாடரேட்டர்களும்