வாசகர் வட்டத்தின் ஆண்டறிக்கை: ரஷ்யப் பண்ணையடிமை ஒழிப்பும் அறிவாளர்களும்

தலைவர் அவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

சென்ற பொதுக்குழுவின் தீர்மானப்படி, இவ்வாண்டுக் கூட்டங்களில் ரஷ்யப் பண்ணையடிமை ஒழிப்பில் எழுத்தாளர்கள், பேராசிரியர்கள், சீர்திருத்த அதிகாரிகள் ஆகியோரின் பங்கைப் படித்தோம். வரவு செலவைப் பொருளாளர் தனியே வைப்பார்.

முதலில் ஒரு திருத்தம். பண்ணையடிமைகளுக்கு விடுதலை தந்த அரசு அறிக்கையின் தேதி நம் குறிப்பேட்டில் ஓரிடத்தில் 1861 பிப்ரவரி 19 என்றும், வேறோரிடத்தில் மார்ச் 3 என்றும் உள்ளது. இரண்டும் சரியே. அந்த நூற்றாண்டில் ரஷ்ய நாள்காட்டி 12 நாள் பின்தங்கியிருந்தது. இனி பழைய தேதியையே எழுதுவோம்.

1790இல் பண்ணையடிமை முறையைச் சாடி நூல் எழுதியதற்காக எழுத்தாளர் ராதிஷ்செவுக்கு மரண தண்டனை விதித்து, பிறகு சைபீரியாவுக்கு நாடு கடத்தினார்கள். ஜார் ஆட்சிக்கு எதிரான 1825 டிசம்பர் எழுச்சிக்காக ஐவர் தூக்கிலிடப்பட்டனர். துர்கேனிவின் வேட்டைக்காரர் கதைகள் 1852இல் நூலாக வந்தன. லண்டனிலிருந்து எழுத்தாளர் ஹெர்சன் 1857 முதல் நடத்திய ‘கோலகொல்’ இதழ் தடையை மீறி அமைச்சர்கள் மேசை வரை போனது. இவை எல்லோரும் அறிந்தவை. மனசாட்சியை உலுக்கியவர்கள் இவர்கள். ஆனால், நிலம் யாருக்கு, என்ன விலைக்கு என்பது கோப்புகளில்தான் முடிவானது என்பதே செயலாளரின் கருத்து.

நிலத்தோடு விடுதலை, நில உடையவருக்கு ஈட்டுத்தொகை என்ற யோசனையைப் பேராசிரியர் கவேலின் 1855இல் எழுதிக் கைப்பிரதியாகச் சுற்றுக்கு விட்டார். 1858இல் எழுத்தாளர் செர்னிஷேவ்ஸ்கி அதன் பகுதியை ‘சவ்ரிமென்னிக்’ இதழில் அச்சேற்றியதும், பட்டத்து இளவரசருக்குப் பாடம் சொல்லும் வேலை கவேலினிடமிருந்து பறிபோனது. அடுத்த ஆண்டு தளபதி ரஸ்தோவ்த்செவ் தலைமையில் அமைந்த சட்ட வரைவுக் குழுக்களில் நிக்கலாய் மிலியூத்தின், சமாரின், செர்காஸ்கி ஆகியோர் அதே நிலக் கொள்கையைச் சட்டமாக்கினார்கள். பிரபுக்கள் அவர்களைச் சிவப்பர்கள் என்று ஏசினார்கள்.

அதிக நேரம் எடுத்தது மீட்புப் பணக் கணக்கு, அதாவது நிலத்துக்காகக் குடியானவர் கட்ட வேண்டிய தொகை. ஆண் தலைக்கு ஆண்டு வாரம் (உடையவருக்குக் குடியானவர் கட்டிவந்த பணம்) 10 ரூபிள் என்றால், அதை 6 சதவீத வட்டி தரும் முதலாக மாற்றுவார்கள்: 166 ரூபிள் 67 கோபெக். முழுப் பங்கு நிலத்துக்கு இதில் 80 சதவீதத்தை, அதாவது 133 ரூபிள் 33 கோபெக்கை, அரசு உடையவருக்குப் பத்திரங்களாகக் கொடுத்தது. அவருடைய பழைய அடமானக் கடனை அதிலேயே கழித்துக்கொண்டது. மீதியைக் குடியானவர் நேரே கட்ட வேண்டும். அரசுக்கோ ஆண்டுக்கு 8 ரூபிள் வீதம் 49 ஆண்டு, மொத்தம் 392 ரூபிள்.

கோளாறு எங்கே? ஆளுக்கு விலை கிடையாது என்றது சட்டம். ஆனால் கரிசல் இல்லாத வட மாகாணங்களில் வாரப் பணம் நிலத்தில் விளைந்ததல்ல. நகரத்தில் கூலி வேலை பார்த்து அனுப்பியது. அந்த வாரத்தையே முதலாக்கியபோது ஆளின் விலையும் நிலத்தின் விலைக்குள் புகுந்துவிட்டது. அங்கே முதல் தெஸ்யாத்தினா (சுமார் 2.7 ஏக்கர்) மீதே வாரத்தில் பாதி விழுந்ததால், நிலம் குறையக் குறைய ஏக்கர் விலை ஏறியது. குடியானவர் நிலத்துக்குச் சட்டம் வகுத்த உச்சவரம்புக்கு மேல் இருந்த துண்டுகளை உடையவர் வெட்டிக்கொண்டார். மேய்ச்சலும் தண்ணீர்த்துறையும் பெரும்பாலும் அந்தத் துண்டுகளில்தான். தவணைக்கு ‘மிர்’ என்னும் ஊர்ச் சமுதாயம் கூட்டுப் பொறுப்பு. ஆகவே ஒருவர் ஊரை விட்டுப் போகவும் அதன் ஒப்புதல் வேண்டும். தவணை வசூல் 1907இல்தான் நின்றது.

விடுதலை அறிக்கையில் உண்மையான விடுதலை ஒளிந்திருக்கிறது என்று நம்பிக் கசான் மாகாணத்து பெஸ்த்னாவில் திரண்டவர்களைப் படை சுட்டது. அறிக்கையை அவர்களுக்குப் படித்துச் சொன்ன அந்தோன் பெத்ரோவுக்கும் மரண தண்டனை. இறந்தவர்களுக்கான வழிபாட்டில் வரலாற்றுப் பேராசிரியர் ஷாப்போவ் அரசியல் சட்டம் கேட்டுப் பேசிக் கைதானார். 1862இல் த்வேர் பிரபுக்கள் நாடு முழுவதும் தேர்ந்தெடுத்த மன்றம் வேண்டும் என்று விண்ணப்பிக்க, நிலத் தாவாக்களைத் தீர்க்கும் 13 மத்தியஸ்தர்கள் கோட்டைச் சிறைக்குப் போனார்கள். செர்னிஷேவ்ஸ்கி கைதானதும் அவ்வாண்டே. 1864இல் ஜெம்ஸ்த்வோ என்னும் தேர்ந்தெடுத்த உள்ளாட்சி அமைப்பும் ஜூரி நீதிமன்றமும் வந்தன. நாட்டு மன்றம் வரவில்லை.

வரும் ஆண்டுக்கு ஜெம்ஸ்த்வோக்களை எடுக்கச் செயற்குழு பரிந்துரைக்கிறது: பள்ளி, மருத்துவமனை, வரி, ஆளுநரின் தலையீடு. பொதுக்குழு ஒப்புதல் தர வேண்டுகிறேன்.

செயலாளர்