இருபத்தொரு வயது அப்பா

அன்புள்ள குமரா,

உன் திரைக்கதையில் அந்தக் கனவுக் காட்சியை இரண்டு முறை படித்தேன். செத்துப்போன அப்பா வந்து மகனுக்கு அரைப்பக்கம் புத்தி சொல்கிறார். அங்கேதான் இடிக்கிறது. திருத்த உட்காரும் முன், சோவியத் திரைக்கதாசிரியர் கெனாடி ஷ்பாலிகோவ் இதே காட்சியை எப்படி எழுதினார் என்று பார்த்துவிடு.

படம் மார்லென் குத்சியேவ் இயக்கிய 'இலியிச் வாயில்'. பெலிக்ஸ் மிரோனர் தொடங்கிய திரைக்கதை அது. ஷ்பாலிகோவ் மாஸ்கோ திரைப்படக் கல்லூரி மாணவராக இருந்தபோதே அதில் சேர்ந்துகொண்டார். போரில் இறந்த அப்பா மகன் முன் வருகிறார். எப்படி வாழ்வது என்று மகன் கேட்கிறான்.

'உனக்கு என்ன வயசு?'
'இருபத்து மூணு.'
'எனக்கு இருபத்தொண்ணு. நான் உனக்கு என்ன சொல்றது?'

காட்சி முழுக்க அந்த இரண்டு எண்களில் நிற்கிறது. அப்பாவுக்கு 40 என்று வைத்திருந்தால் அவர் ஏதாவது சொல்லியே தீரவேண்டும், உடனே பிரசங்கம் வந்துவிடும். 21 என்றதும் பதில் இல்லாததே பதிலாகிவிடுகிறது. செத்தவருக்கு வயது ஏறாது என்பதை வசனமாகச் சொல்லாமல் கணக்காக வைத்துவிட்டார். ஷ்பாலிகோவின் சொந்த அப்பா, ராணுவப் பொறியாளர், 1945-ல் போரில் இறந்தபோது இவருக்கு வயது 7. கீவ் நகரத்து சுவோரவ் ராணுவப் பள்ளியில் வளர்ந்தவர். முழங்காலில் அடிபட்டு ராணுவ வாழ்க்கை முடிந்ததால்தான் 1956-ல் சினிமா படிக்க வந்தார்.

1963 மார்ச்சில் சோவியத் தலைவர் குருஷ்சேவ் இந்தக் காட்சியைத்தான் பிடித்துக்கொண்டார். எந்த அப்பா மகனுக்கு வழி சொல்லாமல் போவான், மிருகம்கூடக் குட்டியைக் கைவிடாதே என்று கேட்டார். படத்தை வெட்டி, சில பகுதிகளைத் திரும்ப எடுத்து, 'எனக்கு இருபது வயது' என்று பெயரையும் மாற்றி 1965-ல் வெளியிட்டார்கள். அதற்கே வெனிஸ் திரைப்பட விழாவில் நடுவர் சிறப்புப் பரிசு கிடைத்தது. முதல் வடிவம் திரைக்கு வர 1988 ஆகிவிட்டது. நீ அதைத் தேடிப் பார்.

இயக்குநர் கியோர்கி தனேலியாவுக்கு அவர் எழுதிய 'நான் மாஸ்கோவில் நடக்கிறேன்' வேறு பாடம். மழையில் காலணியைக் கையில் பிடித்து வெறுங்காலோடு நடக்கும் பெண், அவளைச் சுற்றிச்சுற்றி சைக்கிளில் வரும் பையன்: இந்த ஒரு படிமத்தில் தொடங்கியது. கதை ஒரே நாளில் நடக்கிறது. ஆனாலும் தொய்வதில்லை, ஏனென்றால் ஒரு பையனுக்குக் கல்யாணம், ராணுவ அழைப்பும் வந்திருக்கிறது, அதைத் தள்ளிப்போட்டாக வேண்டும். மெல்லிய கயிறுதான், ஆனால் இழுத்துப் பிடிக்கிறது. படத்தில் கருத்து எங்கே என்று அதிகாரிகள் கேட்டபோது, தரை மெருகேற்றும் ஒருவரை எழுதிச் சேர்த்தார்கள். அவர் ஓர் இளம் எழுத்தாளனின் சிறுகதையில் ஆழமான கருத்தில்லை என்று விளாசுவார்!

1966-ல் ஷ்பாலிகோவே இயக்கிய 'நீண்ட மகிழ்ச்சியான வாழ்க்கை' இத்தாலியில் பெர்காமோ விழாவில் பரிசு வாங்கியது. ஊரில் எடுபடவில்லை. அதற்குப் பிறகு எழுதியதில் பெரும்பாலானவை படமாகவே இல்லை. 1974 நவம்பர் 1 அன்று மாஸ்கோ அருகே பெரெதெல்கினோவில் தன் உயிரைத் தானே முடித்துக்கொண்டார். வயது 37. எத்தனை முறை நினைத்தாலும் மனம் ஆறவில்லை.

உன் கதையில் அப்பா சாகும்போது என்ன வயது? மகனுக்கு இப்போது என்ன வயது? திருத்திய காட்சியை அனுப்பும்போது அந்த இரண்டையும் மேலே எழுதி அனுப்பு.

அன்புடன்,
செல்வம்