ஆண்டறிக்கை: பதவி உயர்வுத் தேர்வுகளும் வழக்குகளும்

தலைவர் அவர்களுக்கும், பாளையங்கோட்டை, அம்பை, நாங்குநேரி, தென்காசிப் பக்கமிருந்து வந்திருக்கும் தோழர்களுக்கும் வணக்கம். சந்தா, செலவு விவரங்களைப் பொருளாளர் வைப்பார். அரசு ஊழியர், ஆசிரியர்களுக்கான நம் சங்கத்துக்கு வந்த மனுக்களில் பெரும்பகுதி பதவி உயர்வைப் பற்றியது என்பதால் என் அறிக்கையும் அதைப் பற்றியதே.

முதலில் ஆசிரியர் தோழர்கள். 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பின்படி, ஓய்வு பெற ஐந்தாண்டுக்கு மேல் இருப்பவர்கள் இரண்டு ஆண்டுக்குள் டெட் என்னும் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற வேண்டும். ஐந்தாண்டுக்குள் ஓய்வு பெறுபவர்கள் வேலையில் தொடரலாம். பதவி உயர்வு வேண்டுமென்றால் அவர்களுக்கும் தேர்ச்சி கட்டாயம். சிறுபான்மைப் பள்ளிகளைப் பற்றிய கேள்வி பெரிய அமர்வுக்குப் போயிருக்கிறது. பாளையங்கோட்டையில் அத்தகைய பள்ளிகள் நிறைய என்பதால் அங்குள்ளவர்கள் இதைத் தனியே கவனிக்க வேண்டும். டெட் தகுதி அறிவிக்கப்பட்ட 2010 ஆகஸ்ட் 23-க்கு முன்பு, அப்போதிருந்த விதிப்படி முறையாக வேலைக்கு வந்தவர்களை இத்தனை ஆண்டு கழித்துத் தேர்வு எழுதச் சொல்வது நியாயமில்லை என்பதே நம் கருத்து. ஆனாலும் தீர்ப்பை மறுபடி பார்க்கச் சொல்லிச் சீராய்வு மனு போட்டாயிற்று என்று புத்தகத்தை மூடி வைக்க வேண்டாம். சீராய்வு மனு நிலுவையில் இருப்பது தடை உத்தரவு ஆகாது. கெடு ஓடிக்கொண்டேதான் இருக்கும்.

அலுவலகத் தோழர்களின் வழக்குகளில் தோற்பவை பெரும்பாலும் நியாயம் இல்லாததால் தோற்பதில்லை. தாமதத்தால் தோற்கின்றன. பணியில் இளையவருக்குப் பதவி உயர்வு கொடுத்துவிட்டார்கள் என்றால் ஆறு மாதத்துக்குள், மிஞ்சிப் போனால் ஓராண்டுக்குள் நீதிமன்றம் போக வேண்டும் என்று 1974-லேயே தமிழ்நாட்டு ஊழியர் சதாசிவசாமியின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மனு மேல் மனு போட்டு, பழைய கோரிக்கைக்குப் புதிதாக ஒரு பதில் வாங்கிவிட்டால் கெடு புதுப்பிக்கப்படும் என்று பலர் நம்புகிறார்கள். அப்படி ஆகாது என்பதை 2008-ல் உச்ச நீதிமன்றம் ஜேக்கப் வழக்கில் தெளிவாக்கிவிட்டது.

பதவி உயர்வுக்குத் தேவையான துறைத் தேர்வு மே, டிசம்பர் என ஆண்டுக்கு இரு முறை நடக்கிறது. தேர்ச்சி பெற்றதும் அரசுப் பணியாளர் தேர்வாணைய புல்லட்டின் எண், நாள், பதிவெண் மூன்றையும் பணிப்பதிவேட்டில் பதியவைத்து, அந்தப் பக்கத்தின் நகலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். பதவி உயர்வுக்கான தேர்ந்தோர் பட்டியலுக்குத் தகுதி பார்க்கும் நாளில் பதிவேட்டில் தேர்ச்சி ஏறியிருக்காவிட்டால், தேர்ச்சி பெற்றவரே பெறாதவர் கணக்கில் போய்விடுகிறார். தகுதி நாள் பதவிக்குப் பதவி மாறும். உங்கள் பதவியின் விதியைப் பார்த்து உறுதி செய்துகொள்ளுங்கள்.

பணிமூப்பு வரைவுப் பட்டியல் சுற்றுக்கு வரும்போது கையெழுத்துப் போட்டுவிட்டு விட்டுவிடுவதுதான் பெரிய கேடு. ஆட்சேபணையை எழுத்தில் கொடுத்து, தபால் பதிவேட்டு எண்ணை வாங்குங்கள். பதிவுத் தபால் 2025-ல் விரைவுத் தபாலோடு இணைந்துவிட்டதால், அஞ்சலில் அனுப்புபவர்கள் ஒப்படைப்புச் சான்றைக் கேட்டு வாங்கிப் பத்திரப்படுத்த வேண்டும். இன சுழற்சியில் நியமனம் பெற்ற வரிசையையே பணிமூப்பாகக் கொள்ளச் சொன்ன, 2016 பணி நிபந்தனைச் சட்டத்தின் 40-ஆம் பிரிவு 2019-ல் உயர் நீதிமன்றத்தில் ரத்தானது. 2020-ல் உச்ச நீதிமன்றமும் அதில் தலையிடவில்லை. அதற்கு முந்தைய பழைய பட்டியலைக் காட்டி யாராவது பேசினால் இதைச் சுட்டிக்காட்டுங்கள்.

விடைக்குறிப்பு தவறு என்பவர்கள் கொஞ்சம் நிதானிக்க வேண்டும். 2018-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது: சந்தேகம் என்று வந்தால் அதன் பலன் தேர்வு நடத்துபவருக்கே. இரண்டு விடையும் சரியாக இருக்கலாம் என்ற வாதம் எடுபடாது. விடை தவறு என்பது நீண்ட விளக்கமே தேவையில்லாமல் பளிச்சென்று தெரிய வேண்டும். விதி நூலின் பக்கமும், அரசாணை எண்ணும், நாளும் வைத்து, ஆட்சேபணைக்குக் கொடுத்த நாட்களுக்குள்ளேயே அனுப்ப வேண்டும். விடைத்தாள் நகலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம் என்று 2011-லேயே தீர்ப்பு இருக்கிறது. மனுவில் 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டுங்கள். 30 நாளில் பதில் வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. அந்தப் பதிலுக்காகக் காத்திருந்து வழக்குக் கெடுவைக் கோட்டை விட வேண்டாம்.

தேர்வு தொடங்கிய பிறகு, விதி இடம் கொடுக்காத நிலையில், தகுதி நிபந்தனையை மாற்றக் கூடாது என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு உறுதிப்படுத்தியது. இது நமக்குப் பெரிய பலம். ஆனால் அறிவிப்பு தவறென்று தெரிந்தும் எழுதிவிட்டு, தோற்றபின் அதையே எதிர்த்தால் நீதிமன்றம் கேட்காது. ஆட்சேபணையைத் தேர்வுக்கு முன்பே பதிவு செய்யுங்கள்.

உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு போடும்போது, யாருடைய பதவி உயர்வு பாதிக்கப்படுமோ அவர்களையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். பக்கத்து மேசைக்காரரை எப்படிச் சேர்ப்பது என்று தயங்குகிறார்கள். அவர்களைக் கேட்காமல் உத்தரவு தர முடியாது என்பதுதான் சட்டம். அதில் பகை ஒன்றுமில்லை. நேரில் போய் ஒரு வார்த்தை சொல்லிவிட்டே வழக்குப் போடலாம்.

வரும் ஆண்டில் வட்டம்தோறும் பணிப்பதிவேடு சரிபார்ப்பு முகாம் நடத்தவும், வரைவுப் பட்டியல் வந்தால் அன்றே உறுப்பினர்களுக்குத் தெரிவிக்க அலுவலகத்துக்கு ஒருவரைப் பொறுப்பாக்கவும் செயற்குழு முன்மொழிகிறது. பொதுக்குழுவின் ஒப்புதலைக் கோருகிறேன்.

செயலாளர்