செயலாளர் ஆண்டறிக்கை 2024–25

உறுப்பினர்களுக்கு வணக்கம்.

நம் திரைப்படச் சங்கத்தின் மாதத் திரையிடல்கள் வழக்கம்போல் நடந்தன. அதிகம் வேலை வாங்கியது கால்மணி நேரப் படம் ஒன்றுதான்: காணொளிக் கலைஞர் மோனா ஹதூம் 1988-இல் முடித்த 'மெஷர்ஸ் ஆஃப் டிஸ்டன்ஸ்'.

ஹதூம் 1952-இல் பெய்ரூத்தில் பாலஸ்தீனப் பெற்றோருக்குப் பிறந்தவர். 1975-இல் லண்டன் போயிருந்த சமயம் லெபனானில் உள்நாட்டுப் போர் மூண்டதால் அங்கேயே தங்கிவிட நேர்ந்தது. படத்தில் குளிக்கும் தாயின் நிழற்படங்கள்மேல் தாய் எழுதிய கடிதங்களின் அரபுக் கையெழுத்து படர்ந்திருக்கும். கடிதங்களை மகள் ஆங்கிலத்தில் வாசிக்கிறார். பின்னணியில் இருவரும் அரபியில் பேசிச் சிரிக்கும் ஒலி.

தமிழ் வசனவரி (சப்டைட்டில்) குழு அரபுப் பேச்சையும் பெயர்க்கப் பார்த்தது, கைவிட்டோம். அதற்கு ஹதூமே வரி போடவில்லை. தாயும் மகளும் பேசுவதை வெளியே நின்று கேட்பதுபோல் இருப்பதுதான் படம். ஆங்கில வாசிப்புக்கு மட்டும் தமிழ் கொடுத்தோம்.

அதை எங்கே போடுவது? படத்துக்குள் போட்டால் அரபு எழுத்தும் தமிழும் பின்னிக்கொண்டு இரண்டுமே கெடும். எனவே திரைக்குக் கீழே தனித் துணி, இரண்டாவது புரொஜெக்டர், கறுப்புப் பின்னணியில் வெள்ளை எழுத்து, ஸ்லைடுக்கு இரண்டு வரிக்கு மேல் கிடையாது. குரலைக் கேட்டுக் கையால் தள்ளுவதால் நேரப் பிசகு வராது. தள்ளுபவர் மட்டும் படம் பார்க்க முடியாது, பாவம். புரொஜெக்டரின் கறுப்பு உண்மையில் சாம்பல். அந்த வெளிச்சம் மேல்திரையில் கசிந்தது. லென்ஸுக்கு முன் கறுப்பு அட்டை வைத்து மறைத்ததும் சரியானது.

ஒத்திகையில் இன்னொன்றும் அகப்பட்டது. 4:3 (அகலம், உயரம்) விகிதப் படத்தைப் புரொஜெக்டர் தானாக அகலத்திரை விகிதமான 16:9-க்கு இழுத்துவிடுகிறது. உருவம் அகலவாக்கில் மூன்றில் ஒரு பங்கு பருத்துவிடும். ஓர் உடலையே மையமாக வைத்த படத்துக்கு இது அநியாயம். ரிமோட்டில் 4:3 என்று மாற்றியபின் கோப்பைத் திறக்கவும்.

முழுநீளப் படங்களில் வசனவரி விலகியதாக வந்த புகார் நியாயமானதே. நொடிக்கு 24 சட்டகம் (ஃபிரேம்) ஓடும் பிரதிக்குச் செய்த வரியை 25 சட்டகப் பிரதியோடு ஓட்டினால், வரி பின்தங்கிக்கொண்டே போய், 24 சட்டகப் பிரதியின் ஒரு மணி நேர முடிவில் 2 நிமிடம் 24 நொடி தாமதிக்கும். மொத்தமாக முன்னே நகர்த்திப் பயனில்லை. எல்லா நேரங்களையும் 0.96-ஆல் பெருக்க வேண்டும். எழுத்துக்குப் பதில் கேள்விக்குறி தெரிந்தால் வசனவரிக் கோப்பை, தமிழ் எழுத்தைத் தாங்கும் யூடிஎஃப்-8 (UTF-8) குறிமுறையில் சேமிக்கவில்லை என்று பொருள். திறந்து திரும்பச் சேமித்தால் கேள்விக்குறிதான் சேமிப்பாகும். மூலப் பிரதியிலிருந்து எடுக்கவும்.

வரவு செலவைப் பொருளாளர் அடுத்து வாசிப்பார். இரண்டாவது புரொஜெக்டர் இரவல் வாங்கியது. சொந்தமாக ஒன்று வாங்குவது குறித்துப் பேரவை முடிவு சொல்லவேண்டும்.

செயலாளர்