தூத்துக்குடித் துறைமுக எல்லைக்குள் ஸ்க்ரப்பர் கழிவுநீரைக் கடலில் விடத் தடை கோரும் மனு

அனுப்புநர்:
ஓய்வுபெற்ற கப்பல் எந்திர அறை ஃபிட்டர் ஒருவரும்,
திரேஸ்புரம் சங்குகுளி மற்றும் நாட்டுப்படகுத் தொழிலாளர் குடும்பங்களும்,
தூத்துக்குடி.
(பெயர், முகவரி, கையொப்பங்கள் தனித்தாளில் இணைக்கப்பட்டுள்ளன.)

பெறுநர்:
உயர்திரு தலைவர் அவர்கள்,
வ.உ.சிதம்பரனார் துறைமுக ஆணையம்,
தூத்துக்குடி.

பொருள்: கப்பல்களின் புகையைக் கழுவிய அமில நீரைத் துறைமுக எல்லைக்குள்ளும் நங்கூரப் பகுதியிலும் கடலில் வெளியேற்றத் தடை விதித்து, எழுத்துமூலம் உத்தரவு பிறப்பிக்க வேண்டுதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். நான் 29 ஆண்டுகள் வெளிநாட்டுச் சரக்குக் கப்பல்களின் எந்திர அறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். மனு எழுதிப் பழக்கமில்லை. எழுத வைத்தவர் என் மைத்துனர். அவர் சங்கு குளிப்பவர். ஒருநாள் கடலிலிருந்து திரும்பியவர், நங்கூரத்தில் நின்ற ஒரு கப்பலின் விலாவிலிருந்து தண்ணீர் கொட்டிக்கொண்டே இருந்ததைச் சொல்லி, "அது என்ன தண்ணீர் அத்தான்?" என்று கேட்டார். அது எந்திரத்தைக் குளிர வைக்கும் தண்ணீர், அதனால் பயமில்லை என்றேன். சொல்லிவிட்டேனே தவிர அன்றிரவு தூக்கம் வரவில்லை. அவர் கேட்டிருக்க வேண்டிய தண்ணீர் வேறு, எந்திரப் புகையைக் கழுவிய தண்ணீர். அது பெரும்பாலும் நீர்மட்டத்துக்குக் கீழே உள்ள துளை வழியாக வெளியேறுகிறது. படகில் இருப்பவர் கண்ணில் படாது. எந்திர அறையில் வேலை பார்த்தவனுக்குத் தெரியும். எனக்குத் தெரியும்.

தங்கள் அலுவலகப் பொறியாளர்கள் அறிந்த விஷயம்தான் என்றாலும், இந்த மனுவில் கையெழுத்திட்டவர்களும் படிப்பார்கள் என்பதால் சற்று விரித்து எழுதுகிறேன்.

பெரிய கப்பல்கள் பல காலமாக எரித்துவந்தது ஃபர்னஸ் ஆயில். சுத்திகரிப்பு ஆலையில் பெட்ரோல், மண்ணெண்ணெய், டீசல் எல்லாம் எடுத்தபின் அடியில் தங்குகிற வண்டல் அது. ஆறினால் தார்போல நிற்கும். சூடாக்கினால்தான் குழாயில் ஓடும். அது பட்ட பனியன் மறுபடி வெளுத்து நான் பார்த்ததில்லை. அதில் கந்தகமும், வனேடியம், நிக்கல் போன்ற உலோகங்களும் உண்டு. எரிக்கும்போது கந்தகம் புகையோடு போய்க் கரையோர மக்களின் நெஞ்சில் இறங்கியது. அதனால்தான் சர்வதேச கடல்சார் அமைப்பு 2020 ஜனவரி 1 முதல் எரிபொருளின் கந்தக உச்ச அளவை 3.5 விழுக்காட்டிலிருந்து 0.5 விழுக்காடாகக் குறைத்தது. நல்ல விதி, அதை நான் குறை சொல்லவில்லை.

ஆனால் அதே விதியில் ஒரு பின்வாசல் திறந்திருந்தது. புகையைக் கழுவிக் கந்தகத்தை அதே அளவுக்குக் குறைத்துக் காட்டினால் பழைய மலிவு எண்ணெயையே எரித்துக்கொள்ளலாம். கழுவும் கருவிக்குப் பெயர் ஸ்க்ரப்பர். புகைபோக்கிக்குள் கடல்நீரைப் பீய்ச்சி அடித்தால் கந்தகமும் கரியும் நீரில் இறங்கிவிடும். வெளியே வரும் புகை வெளுத்துப்போகும். மூடிய முறை ஸ்க்ரப்பரில் அந்த நீரைப் பெரும்பாலும் சுழற்றிச் சுழற்றிப் பயன்படுத்தி, சேரும் கசடைத் தொட்டியில் வைத்துக் கரையில் ஒப்படைப்பார்கள். திறந்த முறையில் தொட்டியும் இல்லை, ஒன்றும் இல்லை. ஒரு பக்கம் கடலை உறிஞ்சி, மறுபக்கம் கடலுக்கே திருப்பிவிடுவதுதான் வேலை. விலை குறைவு என்பதால் உலகில் பொருத்தப்பட்டவற்றில் பெரும்பாலானவை திறந்த முறைதான்.

வெளியேறும் நீர் எப்படிப்பட்டது? அமிலத்தைக் காட்டும் பி.எச். அளவு குறையக் குறையப் புளிப்பு கூடும்; சாதாரணக் கடல்நீரில் அது 8-ஐ ஒட்டி இருக்கும். கழுவிய நீர் கருவியிலிருந்து இறங்கும்போது 3-ஐ ஒட்டியும் இருப்பதுண்டு. அதாவது எலுமிச்சைச் சாற்றை நெருங்குகிற புளிப்பு. அமிலம் கடலில் கலந்து நீர்த்துப்போகும், உண்மைதான். உலோகங்களும், எண்ணெய் எரிந்த கரியில் இருக்கும் பல்வளைய ஹைட்ரோகார்பன்களும் அப்படி மறைந்துவிடுவதில்லை. வண்டலில் இறங்கித் தங்குகின்றன. ஐரோப்பிய ஆய்வகங்களில் இந்த நீரைப் பலமடங்கு நீர்க்க வைத்துச் சோதித்தபோதும் கடல் முள்ளெலியின் முட்டைகளும் நுண்ணிய மிதவை உயிரிகளும் பாதிக்கப்பட்டன.

அளவைச் சொன்னால்தான் விஷயம் விளங்கும். திறந்த முறையில் எந்திரம் ஒரு மெகாவாட் சுமையில் ஒரு மணி நேரம் ஓடினால் சுமார் 45 கன மீட்டர், அதாவது 45 ஆயிரம் லிட்டர் நீர் ஓடுகிறது என்பது சர்வதேச வழிகாட்டு நெறிகளே எடுத்துக்கொள்ளும் கணக்கு. சரக்கு இறக்க நிற்கும் கப்பலின் பெரிய எந்திரம் ஓடாது. மின்சாரத்துக்காகத் துணை எந்திரம் ஓடும். அதன் புகைக்குழாயும் ஸ்க்ரப்பரோடு இணைக்கப்பட்ட கப்பல்கள் உண்டு. அப்படி ஒரு கப்பல் ஒரே ஒரு மெகாவாட் சுமையில் ஒரு நாள் நின்றால் 10 லட்சத்து 80 ஆயிரம் லிட்டர். நம் ஊர்க்காரர்களுக்குத் தண்ணீர் லாரிக் கணக்கு நன்றாகத் தெரியும்: 12,000 லிட்டர் லாரியில் 90 லாரி. எந்த ஆலையாவது நாளொன்றுக்கு 90 லாரி அமிலக் கழிவுநீரை முயல் தீவுப் பக்கம் கொண்டுவந்து கொட்டினால் அதிகாரிகள் சும்மா விடுவார்களா? கப்பல் செய்தால் மட்டும் அது கடல் வழக்கமாகிவிடுகிறது.

நான் கடைசியாக வேலை பார்த்த கப்பல்களில் ஒன்றில் ஸ்க்ரப்பர் இருந்தது. கப்பலின் பெயரோ நிறுவனத்தின் பெயரோ இங்கே தேவையில்லை. எல்லாக் கப்பலிலும் நடப்பதுதான். சிங்கப்பூரை நெருங்கும்போது சீஃப் இன்ஜினியர் மணிக்கணக்கில் முன்னதாகவே எரிபொருள் மாற்ற உத்தரவு தருவார். குறைந்த கந்தக எண்ணெய்த் தொட்டியைத் திறப்போம், ஸ்க்ரப்பரை நிறுத்துவோம், கழிவு வால்வை மூடுவோம். நேரமும் கப்பல் நின்ற இடமும் லாக் புத்தகத்தில் ஏறும். சிங்கப்பூர் எல்லையைக் கடந்ததும் எல்லாம் பழையபடி. அந்த மாற்றத்தை என் கையாலேயே எத்தனையோ முறை செய்திருக்கிறேன். பெரிய வித்தை ஒன்றும் கிடையாது. சொந்த நாட்டுக் கரையை நெருங்கும்போது அதே வால்வு திறந்தே கிடந்ததையும் பார்த்திருக்கிறேன். அப்போது வாய் திறக்கவில்லை. ஒப்பந்தத் தொழிலாளி வாய் திறந்தால் அடுத்த ஒப்பந்தம் வராது.

ஆகவே, எங்கள் ஊரில் சிங்கப்பூரின் விதியைக் கேட்பது அதிகப்படியான ஆசை அல்ல என்று நினைக்கிறேன். சிங்கப்பூர் தன் துறைமுக நீர்ப்பரப்பில் திறந்த முறைக் கழிவுநீரை 2020 ஜனவரி 1 முதலே தடை செய்துவிட்டது. மலேசியா 12 கடல்மைலுக்குள் தடுத்திருக்கிறது. சூயஸ் கால்வாயில் விடக்கூடாது. சீனத் துறைமுகங்களில் விடக்கூடாது. டென்மார்க், ஸ்வீடன், பின்லாந்து ஆகிய மூன்று நாடுகளும் 2025 ஜூலை 1 முதல் தங்கள் கடல் எல்லைக்குள் திறந்த முறையைத் தடை செய்துள்ளன. டென்மார்க்கிலும் பின்லாந்திலும் 2029 முதல் மூடிய முறைக் கழிவுநீரும் விடமுடியாது. இதைப் படித்துக் காட்டியபோது கூட்டத்தில் ஒரு பெரியவர், "கராச்சியிலும் தடையாமே?" என்று கேட்டார். ஆம், கராச்சியிலும் தடைதான்.

சட்டம் இடம் தருமா என்ற கேள்வி எழலாம். ஐ.நா. கடல் சட்ட உடன்படிக்கையை இந்தியா 1995-இல் ஏற்றுக்கொண்டது. அதன் 195-ஆம் பிரிவு, ஒரு வகை மாசை இன்னொரு வகை மாசாக மாற்றக்கூடாது என்கிறது. காற்றில் போகவேண்டிய கந்தகத்தையும் உலோகத்தையும் தண்ணீரில் இறக்குவதற்கு இதைவிடப் பொருத்தமான வரி கிடைக்காது. துறைமுகத்துக்குள் நுழையும் வெளிநாட்டுக் கப்பல்களுக்கு மாசுத் தடுப்பு நிபந்தனைகள் விதிக்கலாம் என்பதை 211-ஆம் பிரிவு ஒத்துக்கொள்கிறது. வழக்கறிஞர் அல்லாத நான் இதற்குமேல் வாதாட விரும்பவில்லை.

இனி எங்கள் கடலைப் பற்றி. மன்னார் வளைகுடா கடல்சார் தேசியப் பூங்கா 1986-இல் அறிவிக்கப்பட்டது. உயிர்க்கோளக் காப்பகமானது 1989-இல். தூத்துக்குடியிலிருந்து ராமேசுவரம் வரை 21 தீவுகள் என்று பாடப்புத்தகத்தில் இருக்கும். நமக்கு மிக அருகில் இருப்பவை வான் தீவு, காசுவார், காரைச்சல்லி, விலாங்குச்சல்லி. இவற்றில் விலாங்குச்சல்லி கடலுக்குள் போய்விட்டது. பவளப்பாறையைச் சுண்ணாம்புக்காக வெட்டியெடுத்த காலத்தின் விலை அது. வான் தீவும் அதேபோலச் சுருங்கிக்கொண்டே வந்ததால், செயற்கைப் பவளத்திட்டுகளை வரிசையாகக் கடலில் இறக்கித்தான் அதைப் பிடித்து வைத்திருக்கிறார்கள். அரசுப் பணத்தில் ஒரு பக்கம் பவளத்தை நட்டுக்கொண்டே, மறுபக்கம் அதே நீருக்குள் அமிலத்தை அனுமதிப்பது எந்தக் கணக்கில் சேரும் என்று தெரியவில்லை. சங்கு, சிப்பி, பவளம் எல்லாவற்றுக்கும் உடம்பு சுண்ணாம்புதான். முத்துக்குளிப்பு 1961-உடன் நின்றுபோனது. அதற்கும் ஸ்க்ரப்பருக்கும் சம்பந்தமில்லை, நியாயமாகவே பேசுவோம். ஆனால் சங்கு இன்னும் மிஞ்சியிருக்கிறது, அதை நம்பி மூச்சடக்கிக் கீழே போகிற ஆட்களும் இருக்கிறார்கள்.

தடை விதித்தால் கப்பல்கள் கொழும்புக்குப் போய்விடும் என்று தங்களிடம் யாராவது சொல்லக்கூடும். தூத்துக்குடியில் எதைக் கேட்டாலும் முதலில் வரும் பதில் கொழும்புதான். சாலைப் பள்ளத்தை அடைக்கச் சொன்னாலும் கொழும்பைக் காட்டுவார்கள் போலும். கப்பல் எரிபொருள் விற்பனையில் உலகின் முதன்மைத் துறைமுகம் சிங்கப்பூர். தடைக்குப் பிறகும் அதன் நங்கூரப் பகுதியில் கப்பல் குறைந்ததாக யாரும் சொல்லவில்லை. ஸ்க்ரப்பர் உள்ள கப்பலும் இத்தகைய இடங்களுக்காகக் குறைந்த கந்தக எண்ணெயைக் கையில் வைத்துக்கொண்டுதான் ஓடுகிறது. இங்கே வரும்போது அதற்கு ஆகும் கூடுதல் செலவு, நிற்கும் நாட்களுக்கான எண்ணெய் விலை வித்தியாசம் மட்டுமே. அந்த வித்தியாசத்தில்தான் உரிமையாளர்கள் இவ்வளவு காலம் சம்பாதித்தார்கள். ஸ்வீடனின் சால்மர்ஸ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 3,800-க்கும் மேற்பட்ட கப்பல்களை வைத்துக் கணக்குப் பார்த்து, 2022 முடிவில் ஸ்க்ரப்பர் முதலீட்டுச் செலவு போக ஈட்டிய உபரி 470 கோடி யூரோ என்றார்கள். அதே கட்டுரையில் பால்டிக் கடலுக்கு மட்டும் 2014 முதல் 2022 வரை நேர்ந்த சேதத்தின் மதிப்பு 68 கோடி யூரோவுக்கு மேல் என்றும் இருக்கிறது. லாபம் கப்பல் கம்பெனிக்கு, பில் கடலுக்கு.

எனவே, துறைமுக எல்லைக்குள்ளும் நங்கூரப் பகுதிகளிலும் திறந்த முறை ஸ்க்ரப்பர் நீரை வெளியேற்றக்கூடாது என்று தங்கள் ஆணையம் சந்தேகத்துக்கு இடமில்லாத ஒரு வர்த்தக அறிவிப்பை வெளியிட வேண்டும் என்பதே எங்கள் தலையாய கோரிக்கை. அதன் தமிழ் வடிவமும் மீன்பிடித் துறைமுகப் பலகையில் ஒட்டப்பட வேண்டும். அறிவிப்போடு நின்றால் பயன் இருக்காது. கப்பல் வருமுன் ஏஜென்ட் தரும் விவரப் படிவத்திலேயே ஸ்க்ரப்பர் உண்டா, எந்த முறை, எந்த நேரத்தில் எந்த இடத்தில் எரிபொருள் மாற்றப்பட்டது என்ற கேள்விகள் இருக்கவேண்டும். கப்பலைத் துறையில் கட்டி நிறுத்தியதும் கழிவு வால்வுக்கு முத்திரை வைக்கச் சொல்லுங்கள், கிளம்பும்போது உடைத்துக்கொள்ளட்டும். ஸ்க்ரப்பரின் அளவீட்டுக் கருவி பி.எச்., கலங்கல், ஹைட்ரோகார்பன் ஆகியவற்றைத் தானாகவே பதிவுசெய்கிறது. அந்தப் பதிவை நாலு கப்பலுக்கு ஒன்றிலாவது பார்த்தால் போதும், செய்தி மற்ற எந்திர அறைகளுக்குத் தானே போய்விடும். எந்திர அறையில் வதந்தி எண்ணெயைவிட வேகமாக ஓடும்.

மூடிய முறைக் கப்பல்களின் கசடைக் கரையில் பெற்றுக்கொள்ளவும் முறையான ஏற்பாடு தேவை. வாங்க ஆள் இல்லாவிட்டால் அது இருட்டில் எங்கே போகும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. அதோடு முயல் தீவு, வான் தீவு, நங்கூரப் பகுதி ஆகிய இடங்களின் கடலடி வண்டலில் வனேடியம், நிக்கல், ஹைட்ரோகார்பன் அளவை இப்போதே எடுத்துவைக்க வேண்டுகிறோம். இன்றைய அளவு இல்லாமல் பத்தாண்டு கழித்து எதை ஒப்பிடுவது?

இந்தத் துறைமுகத்துக்கு மனு எழுதும் எல்லோரும் வ.உ.சி.யையும் 1906-ஆம் ஆண்டின் சுதேசிக் கப்பல் கம்பெனியையும் நினைவூட்டுவது வழக்கம். நான் அதைச் செய்யப்போவதில்லை. தங்கள் துறைமுகம் பசுமை ஹைட்ரஜன் தயாரிப்பில் முன்னோடி என்று செய்தித்தாளில் படித்துப் பெருமைப்பட்டவன் நான். மத்திய அரசு பசுமைத் துறைமுகங்களுக்காக 2023-இல் வெளியிட்ட ஹரித் சாகர் வழிகாட்டு நெறிகளையும் தாங்கள் அறிவீர்கள். அவற்றுக்கெல்லாம் கோடிக்கணக்கில் செலவாகிறது. நாங்கள் கேட்பதற்கு ஒரு தாள் அறிவிப்பும் சில முத்திரைகளும் போதும்.

முப்பது நாட்களுக்குள் எழுத்துமூலம் பதில் தருமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம். தங்கள் பொறியாளர்கள் நேரம் ஒதுக்கினால் நானே வருகிறேன். முட்டி வலி இருந்தாலும் ஏணியில் இறங்கி, கட்டி நிற்கும் எந்தக் கப்பலிலும் அந்த வால்வு எங்கே இருக்கும் என்று காட்டுவேன்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
மனுதாரர்கள்
தூத்துக்குடி

நகல்:
மாவட்ட ஆட்சியர், தூத்துக்குடி.
வனஉயிரினக் காப்பாளர், மன்னார் வளைகுடா கடல்சார் தேசியப் பூங்கா, ராமநாதபுரம்.
தமிழ்நாடு மாசுக் கட்டுப்பாட்டு வாரியம், தூத்துக்குடி.