தண்ணீர் சேர்க்கும் கணக்கு: ஆறாம் ஆண்டு மாணவர்களின் பெற்றோருக்கு

சுங்கை சிப்புட், பேராக்

மதிப்பிற்குரிய பெற்றோர்களே, வணக்கம்.

விழுக்காட்டுப் பாடம் முடியும் தறுவாயில், ஆறாம் ஆண்டு வகுப்பில் நான் ஒரு கணக்குக் கொடுத்தேன். 400 கிராம் உப்புக் கரைசலில் உப்பு 20 விழுக்காடு இருக்கிறது; அதை 5 விழுக்காடாகக் குறைக்க எவ்வளவு தண்ணீர் சேர்க்க வேண்டும்? பிள்ளைகளில் பலர் 20இலிருந்து 5ஐக் கழித்து, 400இல் 15 விழுக்காடு கண்டு, 60 கிராம் என்று எழுதினார்கள். சரியான விடை 1,200 கிராம். அவர்கள் சொன்னபடி 60 கிராம் மட்டும் ஊற்றினால், கரைசலில் உப்பு இன்னும் 17 விழுக்காட்டுக்குச் சற்று மேலாகவே இருக்கும்.

பிள்ளைகளுக்குப் பெருக்கவும் வகுக்கவும் நன்றாகவே தெரியும். தண்ணீர் ஊற்றும்போது எது மாறுகிறது, எது மாறாமல் நிற்கிறது என்று நின்று பார்க்கும் பழக்கம்தான் அவர்களுக்கு இன்னும் வரவில்லை. 400 கிராமில் 20 விழுக்காடு என்றால் உப்பு 80 கிராம்; எத்தனை வாளி ஊற்றினாலும் அந்த 80 கிராம் கூடுவதுமில்லை, குறைவதுமில்லை. அந்த 80 கிராம் மொத்தத்தில் 5 விழுக்காடாக இருக்க வேண்டுமானால் மொத்தம் 1,600 கிராம் ஆக வேண்டும். ஏற்கெனவே இருக்கும் 400 போக, 1,200 கிராம் ஊற்ற வேண்டும். இதற்கென்று ஒரு சூத்திரத்தை மனனம் செய்ய வைக்க எனக்கு விருப்பமில்லை. காரணம் புரியாத சூத்திரம் தேர்வு முடிந்த மறுவாரமே மறந்துபோவதைப் பல ஆண்டுகளாகப் பார்த்திருக்கிறேன்.

நம் ஊருக்கு இது புதிய கணக்கும் அன்று. ரப்பர் மரத்திலிருந்து இறங்கும் பாலில் ரப்பர் ஏறத்தாழ 30 விழுக்காடு இருக்கும். ரப்பர்த் தகடு போடுவதற்கு அதில் தண்ணீர் கலந்து 12 முதல் 15 விழுக்காட்டுக்குக் கொண்டுவருவார்கள்; அப்போதுதான் அமிலம் சேர்த்ததும் பால் சீராக உறையும், உறைந்த கட்டியை உருளையில் கொடுத்து இழுப்பதும் எளிதாகும். பத்துக் கிலோ பாலை எடுத்துக்கொள்வோம். அதில் ரப்பர் 3 கிலோ. அது 12 விழுக்காடாக வேண்டுமானால் மொத்தம் 25 கிலோ ஆக வேண்டும், ஆகவே தண்ணீர் 15 கிலோ. ஒரு லிட்டர் தண்ணீரின் எடை ஒரு கிலோ என்பதால், 15 லிட்டர் என்று நேராகவே அளந்து ஊற்றிவிடலாம். உங்கள் வீட்டுத் தாத்தாவோ பாட்டியோ தோட்டத்து ஸ்டோரில் பால் கலக்கும் வேலை பார்த்தவராக இருந்தால், அவரை ஒரு நாள் கணித நேரத்துக்கு அழைத்து வருமாறு அன்புடன் கேட்டுக்கொள்கிறேன். மெட்ரோலேக் கருவியைப் பாலில் மிதக்கவிட்டு ரப்பரின் அளவைப் பார்த்த கைகள் சொல்லிக் கொடுத்தால், என் கரும்பலகையைவிடப் பிள்ளைகளுக்கு நன்றாக விளங்கும்.

வீட்டிலும் இதைச் செய்து பார்க்கலாம். சமையலறைத் தராசில் 20 கிராம் உப்பையும் 180 கிராம் தண்ணீரையும் நிறுத்துக் கலந்தால் 10 விழுக்காட்டுக் கரைசல் கிடைக்கும். உப்பை 200 கிராம் தண்ணீரில் போட்டுவிட்டு அதையும் 10 விழுக்காடு என்று சொல்வது பெரியவர்களும் செய்யும் தவறு. அங்கே மொத்தம் 220 கிராம் ஆகிவிடுவதால், உண்மையில் அது 9.1 விழுக்காடுதான். பிறகு, சரியாகக் கலந்த கரைசலை 5 விழுக்காடாக்க எவ்வளவு ஊற்றுவது என்று பிள்ளையையே சொல்லச் சொல்லுங்கள். விடை தவறினால் உடனே திருத்த வேண்டாம், "இப்போது உள்ளே உப்பு எத்தனை கிராம்?" என்று மட்டும் கேளுங்கள்.

உப்பு, சீனி, சிரப் ஆகியவற்றைத் தவிர வேறெதையும் பிள்ளைகள் கையில் கொடுக்க வேண்டாம். குளோரோக்ஸ் போன்ற வெளுப்புத் திரவம், அமிலம் ஆகியவற்றை வைத்து இந்தப் பயிற்சியைச் செய்யவே கூடாது.

பிள்ளை ஊற்றிய அளவையும் அதற்கு அவர் சொன்ன காரணத்தையும் கணிதப் பயிற்சி நூலின் கடைசிப் பக்கத்தில் எழுதி, வரும் திங்கட்கிழமை கொடுத்தனுப்புங்கள். ஒவ்வொன்றையும் நானே படித்துப் பார்ப்பேன்.

இக்கண்,
தலைமையாசிரியர்